முவைலாவில் திருத்திய நாவல்

பொங்கல் விடுமுறையில் ஷார்ஜா போகிறேன் என்றதும் கல்லூரியில் பாதிப் பேர் "நகை வாங்கவா மேடம்?" என்று கேட்டார்கள். தங்கையைப் பார்க்க என்று சொல்லிவைத்தேன். பொய்யில்லை. மாலதி பதினோரு வருடமாகக் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறாள். ஆனால் இந்த முறை டிக்கெட் போட்டதற்குக் காரணம் அவளில்லை. நான் மொழிபெயர்த்த ஒரு நாவலின் நூற்று நாற்பத்து மூன்றாம் பக்கம்.

நான் புதுக்கோட்டையில் ஆங்கில இலக்கியம் நடத்துகிறவள். பிரிட்டிஷ் இலக்கியம் என்றால் மாளிகைகளும் தேநீர் விருந்துகளும் என்று நினைத்து வரும் பிள்ளைகளிடம் இன்னொரு வரிசையையும் காட்டுவது என் வழக்கம். தறிச் சத்தத்துக்கு நடுவே பாட்டுக் கட்டிய நெசவாலைக்காரர்கள், கூலியில் சில்லறை பிடித்து நூலகம் கட்டிக்கொண்ட வேல்ஸ் நாட்டுச் சுரங்கத் தொழிலாளிகள், பகலெல்லாம் பட்டறையில் நின்றுவிட்டு மாலையில் எழுத உட்கார்ந்தவர்கள். சோஷலிசம் அங்கே பலருக்கு, யாரோ உரக்கப் படிக்கக் கேட்டுத்தான் வந்து சேர்ந்தது. அந்த வரிசையில் அதிகம் பேர் அறியாத ஒரு நாவலை நான்கு வருடம் செலவழித்துத் தமிழுக்குக் கொண்டுவந்தேன். இங்கிலாந்தின் வடக்கே ஒரு கப்பல் கட்டும் ஊர்தான் களம். எழுதியவரும் அங்கே தகடுகளை இணைக்கும் ரிவெட் ஆணி அடித்தவர். சென்னையில் ஒரு சிறு பதிப்பகம் அதை வெளியிட்டது. மதிப்புரை எழுதிய ஒருவர் என் "கண்ணியமான நடை"யைப் பாராட்டியிருந்தார். அந்தத் தாளை வெட்டி வைத்திருக்கிறேன்.

நவம்பரில் பதிப்பாளர், தனக்கு வந்த சில படங்களை எனக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினார். என் புத்தகத்தின் பக்கங்கள்தான். நீலப் பந்துமுனைப் பேனாவால் யாரோ பாடம் திருத்துவதுபோலத் திருத்தியிருந்தார்கள். நூற்று நாற்பத்து மூன்றாம் பக்கத்தில் 'மேடை' என்ற சொல் ஐந்து இடத்தில் வட்டமிடப்பட்டிருந்தது. ஓரத்தில் நெருக்கமான கையெழுத்து: "இது மேடை இல்லை. சாரம். செத்தவன் நாடகக்காரன் இல்லை. செ. செல்லதுரை, பிட்டர், முவைலா கேம்ப், ஷார்ஜா." கீழே ஒரு தொலைபேசி எண்.

மூல நூலை எடுத்துப் பார்த்தேன். கப்பலின் வயிற்றைச் சுற்றி மரப்பலகைகளால் அடுக்கடுக்காகக் கட்டுவதற்கு அந்தப் பட்டறைகளில் 'ஸ்டேஜ்' என்று பெயர். கட்டுகிறவன் 'ஸ்டேஜர்'. முந்தைய அத்தியாயம் முழுக்கத் தொழிற்சங்கக் கூட்டமாக இருந்ததால் எனக்குச் சந்தேகமே வரவில்லை. மேடைக்காரன் ஒருவன் மேடையிலிருந்து விழுந்து இறந்தான் என்று எழுதிவிட்டேன். நான்கு வருடத்தில் ஒருவர்கூட, நான் உட்பட, மேடையிலிருந்து விழுந்தால் ஒருவன் எப்படிச் சாவான் என்று கேட்கவில்லை.

இரண்டாம் பதிப்பு ஜனவரிக் கடைசியில் அச்சுக்குப் போகவிருந்தது. இரண்டு கல்லூரிகள் பாடமாக வைத்திருந்தன. அந்த எண்ணுக்குப் பேசினேன். பின்னால் ஏதோ இயந்திரம் அலறிக்கொண்டிருந்தது. "டூட்டில இருக்கேன் மேடம். நேர்ல இருந்தா காட்டிருவேன், போன்ல எப்பிடிச் சொல்ல" என்றார். நான் நேரில் வருவேன் என்று அவர் நினைத்திருக்க மாட்டார்.

வியாழன், காலை 7.10

புதுக்கோட்டையிலிருந்து திருச்சி விமான நிலையம் ஐம்பது கிலோமீட்டருக்குச் சற்றுக் குறைவு. கீரனூரில் காபிக்கு நிறுத்தியும் ஒரு மணி நேரத்தில் வந்துவிட்டோம். போக வர 23,400 ரூபாய். ஷார்ஜா வரிசையில் பெண்கள் ஆறு பேர்தான். மற்றவர்கள் எல்லாரும் லீவு முடிந்து திரும்பும் ஆண்கள். கயிறு சுற்றிய அட்டைப்பெட்டிகளில் பேர், ஊர், போன் நம்பர் எல்லாம் மார்க்கர் பேனாவால் எழுதியிருந்தது. என் பக்கத்து இருக்கைக்காரர் தஞ்சாவூர்ப் பக்கம். மூன்று நாள் முன்பு பிறந்த மகளை இன்னும் சரியாகத் தூக்கக்கூடப் பழகவில்லை என்றார். அதற்குப் பிறகு நான்கு மணி நேரமும் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். தூங்கவில்லை.

9.25க்குக் கிளம்பி அங்கத்திய நேரம் 12.05க்கு இறங்கினோம். விமான நிலையத்திலிருந்து முவைலா ஏழு கிலோமீட்டர், டாக்சிக்கு 34 திர்ஹம். ஓட்டுநர் பெஷாவர்க்காரர். என் ஓட்டை இந்தியில் 'கிதாப்' என்ற சொல் மட்டும் அவருக்குப் பிடிபட்டது. "புத்தகம் விற்கவா?" என்று கேட்டார். இல்லை, திருத்த என்றேன். கண்ணாடியில் ஒருமுறை என்னைப் பார்த்துவிட்டு, "அச்சா" என்று சொல்லிப் பேச்சை முடித்துக்கொண்டார்.

மாலதியின் வீடு ஐந்தாவது மாடி. கீழே வரிசையாகக் கடைகள்: சலூன், மருந்துக்கடை, மலையாளி ஓட்டல், கண்ணாடிக்கடை. பின்பக்கத்துப் பால்கனியில் நின்றால் ஒரு மணல்வெளி, அதற்கப்பால் ஒரே மாதிரி நான்கு கட்டடங்கள். எல்லாச் சன்னலிலும் துணி காய்ந்தது.

"அதெல்லாம் லேபர் கேம்ப்க்கா" என்றாள் மாலதி. "உன் ஆளு அங்கதான் எங்கயாவது இருப்பாரு. பதினோரு வருஷமா பாத்துக்கிட்டு இருக்கேன், ஒரு தடவ கூட அந்தப் பக்கம் போனதில்ல."

வெள்ளி, மாலை 5.40

அன்று அவருக்கு டூட்டி நான்கு மணிவரை. கேம்ப் வாசலில் நேபாளிக் காவலாளி எழுந்து நின்று, மிகவும் மரியாதையாக, பெண்கள் உள்ளே போக அனுமதி இல்லை என்று கையை விரித்தார். எதிரே இருந்த கஃபிட்டேரியாவிலிருந்து ஒருவர் தமிழில் கூப்பிட்டார். "அம்மா, இங்கிட்டு வாங்க. செல்லதுரை சொல்லிட்டுத்தான் போனாப்ல. குளிச்சிட்டு வந்திருவாப்ல."

அவர் இப்ராஹிம் பாய், கீழக்கரைக்காரர். ஆறு மேசை, ஒரு தேநீர்ப் பாய்லர், புரோட்டாக் கல். தேநீர் ஒன்றரை திர்ஹம். என்னிடம் காசு வாங்க மறுத்தார். "புத்தகம் போட்டவுக வந்திருக்கீக, காசு வாங்குனா என் கடைக்கு அழகா?"

செல்லதுரை வந்தார். நாற்பது வயதிருக்கும். ஈரத்தலை, இஸ்திரி போட்ட சட்டை. முதுகுளத்தூர்ப் பக்கம் ஊர், பரமக்குடியில் ஐ.டி.ஐ. படித்தவர். ஹம்ரியாவில் கப்பல் பழுது பார்க்கும் ஒரு யார்டில் பதினான்கு வருடமாகத் தகடு பொருத்தும் வேலை. கையில் என் புத்தகம். அட்டைக்குச் செய்தித்தாள் போட்டிருந்தார். அதை மேசைமேல் வைத்தார்.

"உங்களக் குத்தம் சொல்ல எழுதல மேடம்."

"குத்தம்தானே. சொல்லுங்க."

"டிரை டாக்க 'வறண்ட துறைமுகம்'னு போட்டிருக்கீங்க."

தண்ணீரை வடித்துவிட்டுக் கப்பலைப் பழுது பார்க்கும் இடம் அது. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவரும் சிரித்தார். பிறகு ஒவ்வொன்றாக வந்தது. மொத்தம் அறுபத்தொன்று. பலவற்றை நான் மறுபேச்சின்றி ஒப்புக்கொண்டேன். ஆனால் எண்பத்தேழாம் பக்கம் வந்தபோது எனக்குக் கோபம் வந்தது.

அங்கே, கீழே நிற்கும் போர்மேன் மேலே பார்த்து, தூங்குகிறாயா என்று கத்துகிறான். மேலே இருப்பவன் பதில் சொல்கிறான். நான் எழுதியது இப்படி: "இல்லை ஐயா, தங்களுக்காகப் பிரார்த்தித்துக்கொண்டிருக்கிறேன்."

"இதுல என்ன பிழை? வார்த்தைக்கு வார்த்தை அதான் இருக்கு."

"வார்த்தை சரிதான் மேடம். ஆனா அவன் நக்கல் பண்றான். உங்க தமிழ்ல அவன் நெசமாவே சாமி கும்பிடுறான்." பக்கங்களைப் புரட்டினார். "புத்தகம் பூராம் இப்பிடித்தான் இருக்கு. அவுக சிரிக்கிற எடத்துல எல்லாம் நீங்க அவுகள அழ வச்சிருக்கீங்க. தொழிலாளின்னா பாவம்னு நெனச்சு எழுதுன மாரி இருக்கு. நாங்க ரூம்ல எட்டுப் பேரு. நாள் பூராம் ஒருத்தன ஒருத்தன் ஓட்டிக்கிட்டுத்தான் கெடப்போம். இல்லைன்னா இங்க எவனும் இருக்க முடியாது."

இருபத்தாறு வருடம் இந்த இலக்கியத்தை நடத்துகிறேன், அந்த ஊர் ஆங்கில வழக்கு எனக்குத் தெரியும் என்று ஏதோ சொன்னேன். குரல் உயர்ந்திருக்க வேண்டும். பாய் பாய்லரை விட்டுத் திரும்பிப் பார்த்தார்.

செல்லதுரை புத்தகத்தை மூடினார். "அந்த மேடை மட்டும் மாத்துனாப் போதும் மேடம். மத்தது உங்க இஷ்டம். ரூம்ல நான்தான் எல்லாருக்கும் உரக்க வாசிப்பேன். அந்தப் பக்கம் வந்ததும் ஒருத்தரு, 'என்னண்ணே, நாடகம் நடிக்கையில செத்துட்டானா'ன்னு கேட்டாரு. எல்லாரும் சிரிச்சிட்டாக. நானும் சிரிச்சிட்டேன். அதான் தாங்கல."

ஏன் தாங்கவில்லை என்று நான் கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. அடிபட்ட கர்வத்தோடு மணல்வெளியைச் சுற்றிக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன்.

சனி

எங்கும் போகவில்லை. மாலதியின் மகள் நிலாவுக்குப் பத்து வயது. தமிழில் கேட்டால் ஆங்கிலத்தில் பதில் சொல்லும். பால்கனியில் நான் மூல நூலை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க, எட்டிப் பார்த்து எண்பத்தேழாம் பக்கத்து உரையாடலை அந்த ஆங்கிலத்தில் வாய்விட்டுப் படித்தது. படித்துவிட்டு உடனே சிரித்தது.

"ஏண்டி சிரிக்கிற?"

அவன் அந்த ஆளைக் கேலி செய்கிறான், இதுகூடத் தெரியவில்லையா பெரியம்மா என்று கேட்டது.

அதற்குப் பிறகு முதல் பக்கத்திலிருந்து பென்சிலோடு படித்தேன். மாலை வரை முப்பத்தெட்டு இடங்களில் நானே குறி போட்டேன். செல்லதுரையிடம் மூல நூல் கிடையாது. ஆங்கிலம் சுமாராகத்தான் வரும். தமிழை மட்டும் படித்து, இந்த இடத்தில் இவர்கள் சிரித்திருக்க வேண்டும் என்று கண்டுபிடித்திருக்கிறார். மாலதி கொண்டுவந்து வைத்த சோறு ஆறிப்போயிருந்தது.

போன் செய்து மன்னிப்புக் கேட்டேன். "அய்யோ, அதெல்லாம் வேண்டாம் மேடம்" என்றார். பிறகு, "நாளைக்கு லீவு. ஹம்ரியா வரைக்கும் வாரீங்களா? ஒண்ணு காட்டணும்" என்றார்.

ஞாயிறு, காலை 9.15

மாலதியின் கணவர் சேகர் கார் ஓட்டினார். செல்லதுரையோடு அவர் அறைத்தோழர் கருப்பையாவும் வந்தார். பெரம்பலூர்க்காரர், ஐம்பதை நெருங்குகிறவர், அதிகம் பேசாதவர். லீவு முடிந்து வரும்போது பெரம்பலூர்ப் பேருந்து நிலையத்துக் கடையில் என் நாவலை வாங்கியவர் அவர்தான். அட்டையில் கப்பல் படம் இருந்ததாம், அதனால் வாங்கினாராம். யார்டில் அவர் செய்வது சாரம் கட்டும் வேலை. நாவலின் ஸ்டேஜர், உயிரோடு, சீட் பெல்ட் போட்டுக்கொண்டு எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்தார்.

முவைலாவிலிருந்து ஹம்ரியா முப்பது கிலோமீட்டர் சொச்சம். இவர்கள் கம்பெனி பஸ்ஸில் தினமும் அதிகாலை போகிற வழி. அஜ்மானைத் தாண்டியதும் இடதுபக்கம் கடல் அங்கங்கே தெரிந்தது. யார்டுக்குள் வெளியாட்களுக்கு அனுமதி கிடையாது. அதனால் சற்றுத் தள்ளியிருந்த கடற்கரையில் காரை நிறுத்தினோம். ஜனவரிக் காற்று குளிர்ந்தது. ஒரு குடும்பம் பாய் விரித்து உட்கார்ந்து காலை உணவு சாப்பிட்டுக்கொண்டிருந்தது.

தூரத்தில், தண்ணீரைவிட்டு முழுதாக வெளியே, ஒரு கப்பல் நின்றது. கப்பலை நான் எப்போதும் பாதி மட்டுமே பார்த்திருக்கிறேன் என்பது அப்போதுதான் உறைத்தது. கீழ்ப்பாதி சிவப்பாக, துருப்பிடித்து, நான்கு மாடி உயரம் இருந்தது. அதைச் சுற்றிக் குழாய்களும் பலகைகளும் வலை போலப் பின்னிக்கிடந்தன. வலைக்குள் ஞாயிறு டூட்டி ஆட்கள் புள்ளி புள்ளியாக நகர்ந்தார்கள்.

"அதான் மேடம் ஸ்டேஜிங்" என்றார் செல்லதுரை. "இங்க இரும்புக் குழாய். உங்க புத்தகத்துல மரம். வேல ஒண்ணுதான்."

கருப்பையா முதல்முறையாக வாய் திறந்தார். "கப்பல் வந்ததும் முதல்ல ஏறுறவன் நாந்தான். ஏற அங்க ஒண்ணும் இருக்காது. நான் கட்டக் கட்டத்தான் வழி. வேல எல்லாம் முடிஞ்சு கடைசியா எறங்குறவனும் நாந்தான். கப்பல் போயிரும். நாங்க கட்டுனது எதுவும் மிஞ்சாது."

இந்த வரியை என் நாவலாசிரியர் கேட்டிருந்தால் அப்படியே எடுத்துக்கொண்டிருப்பார்.

செல்லதுரை கையை நீட்டி ஓர் இடத்தைக் காட்டினார். "மூணாவது அடுக்கு தெரியுதா? அதே உயரந்தான். வேற கப்பல். பாண்டின்னு என் கூட்டாளி. எங்க ஊருக்கு ரெண்டு ஊரு தள்ளி. சாரம் கட்டுறவன். கருப்பையா அண்ணன்தான் தொழில் பழக்குனது."

சில வருடங்களுக்கு முன் ஓர் ஆகஸ்டு மாதம், காற்றே ஈரமாக இருந்த ஒரு காலை. பாண்டி பாதுகாப்பு பெல்ட்டின் கொக்கியை ஒரு குழாயிலிருந்து எடுத்து அடுத்ததில் மாட்டுவதற்கு இடைப்பட்ட நேரம். செல்லதுரை கீழே தகடு அளந்துகொண்டிருந்தார். சத்தம் கேட்டுத்தான் திரும்பினாராம்.

"விசாரணை நடந்துச்சு, என்னென்னமோ நடந்துச்சு. அதெல்லாம் வேற கத மேடம். நான் சொல்றது புத்தகத்தப் பத்தி." கடலையே பார்த்துக்கொண்டு பேசினார். "அன்னைக்குச் சாயங்காலம் சாரத்தப் பிரிக்கச் சொல்லிட்டாக. பிரிக்கிறதுக்கு முன்னாடி நான் மேல ஏறுனேன். அவன் சாப்பாட்டு டப்பா அங்க கம்பியில தொங்குச்சு. எடுத்துக்கிட்டு எறங்குனேன். உங்க புத்தகத்துல, செத்தவனோட தொப்பிய எடுக்க ஒருத்தன் மேல ஏறுறான்ல? போர்மேன் வேண்டாங்கிறான், இவன் கேக்காம ஏறுறான்ல? எங்கயோ வெள்ளைக்காரன் ஊர்ல நடந்தது. நான் இத யார்கிட்டயும் சொன்னதில்ல. அவன் எப்பிடி எழுதுனான்னு எனக்கு விளங்கவே இல்ல."

சேகர் காருக்குப் போய்த் தண்ணீர் பாட்டில் எடுத்துவந்தார். யாரும் குடிக்கவில்லை.

"அந்தப் பக்கத்துல மட்டும் நீங்க ஒரு தப்பும் பண்ணல மேடம்" என்றார் செல்லதுரை. "அதுக்கு முந்துன பக்கந்தான்."

'மேடை' வரும் அந்த முந்தைய பக்கத்தைத்தான் அறை சிரித்துக்கொண்டு கேட்டிருக்கிறது. பாண்டி இறந்த பிறகு வந்த ஆட்களுக்கு அவரைத் தெரியாது. தெரிந்த செல்லதுரையும் சிரித்துவிட்டார்.

திங்கள், காலை 10.30

சென்னைக்குப் பேசினேன். பதிப்பாளர் நல்ல மனிதர், ஆனால் பதறினார். "மேடம், ஃபைல் அச்சகத்துக்குப் போயாச்சு. நாலு வார்த்தைக்காகவா?"

"நாலு இல்ல, தொண்ணூத்தொன்பது. உரையாடல் எல்லாத்தையும் திரும்ப எழுதணும்."

"நடை நல்லாருக்குன்னு எல்லாரும் சொன்னாங்களே."

"எல்லாரும்னா யாரு? யார்டுல வேல பாக்குறவங்கள்ல ஒருத்தர்தான் படிச்சார். அவர் அப்படிச் சொல்லல."

கடைசியில் ஜூன் மாதம் கல்லூரி திறப்பதற்குள் தருவதாகச் சொல்லி நிறுத்திவைத்தேன். முதல் பதிப்பில் என்ன தவறு செய்தேன் என்று முன்னுரையில் எழுதுவேன் என்றும் சொன்னேன்.

திங்கள் முதல் வியாழன் வரை, மாலை 6.15

நான்கு மாலைகள், இப்ராஹிம் பாயின் மூலை மேசை. யார்டு பஸ் ஐந்தரை மணிக்கு வரும். இவர்கள் குளித்துவிட்டு வருவார்கள். எட்டுக்குள் முடித்துக்கொள்வோம், மறுநாள் நான்கு மணிக்கு எழ வேண்டுமே. நான் ஆங்கில வரியைச் சொல்லி, அது எந்த நிலைமையில் பேசப்படுகிறது என்று விளக்குவேன். அவர்கள் அதைத் தங்கள் வாயில் போட்டுப் பார்ப்பார்கள். சொல்லிப் பார்த்தால் போதாது, ஒருவர் போர்மேனாக நிற்க வேண்டும். பாய்தான் பெரும்பாலும் போர்மேன்.

எண்பத்தேழாம் பக்கம் இப்படி ஆனது: "தூங்கலைங்க மொதலாளி. நீங்க நூறு வருசம் நல்லாருக்கணும்னு வேண்டிக்கிட்டு இருக்கேன்." இதைக் கருப்பையா சொன்ன விதத்தில் பக்கத்து மேசையில் இருந்த ஒரு வங்காளிகூட, ஒரு சொல் புரியாமலே சிரித்துவிட்டார்.

சண்டையும் வந்தது. முதலாளி என்ற இடத்தில் 'கஃபீல்' என்றே போடலாம், இங்கே விசாவுக்குப் பொறுப்பான முதலாளியை அப்படித்தானே சொல்கிறோம் என்றார் கருப்பையா. செல்லதுரை ஒப்பவில்லை. "அண்ணே, அது இங்கிலாந்து. அங்க கஃபீல் மாஃபி." இல்லை என்பதற்கு அரபியில் 'மாஃபி'. அதோடு அந்தப் பேச்சு கலாஸ், முடிந்தது. ஆனால் 'டூட்டி', 'சைட்', 'போர்மேன்' மூன்றையும் அப்படியே விடச் சொன்னார்கள். நான் நாவலில் 'பணிநேரம்' என்று எழுதியிருந்தேன். "பணிநேரம்னு எவன் சொல்வான்?" என்று பாய் கேட்டதும் அதை அடித்துவிட்டேன்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அந்த நாவலில் பதினொரு பக்கத்துக்கு ஒரு சோஷலிசச் சொற்பொழிவு வருகிறது. வகுப்பில் நான் அதைத்தான் உணர்ச்சியோடு நடத்துவேன். இவர்களுக்கு அதுதான் உயிராக இருக்கும் என்று நம்பினேன். கேட்டேன்.

"நல்ல பேச்சுத்தான்" என்றார் செல்லதுரை. "அவன் சொல்றதெல்லாம் எங்களுக்குத் தெரிஞ்சதுதான மேடம். ஆனா அந்தப் பேச்சு நடக்கையில பின்னால ஒருத்தன் தூங்கி விழுவான். பக்கத்துல இருக்கவன் அவன் தலையத் தன் தோள்ல சாச்சு வச்சுக்குவான். ஒரு வரிதான். எங்க ரூம்ல அந்த வரிய ரெண்டு தடவ வாசிக்கச் சொன்னாக."

அந்த வரி எனக்கு நினைவிலேயே இல்லை. மாலதி வீட்டுக்குப் போய்த் தேடிப் பார்த்தேன். இருந்தது.

வியாழக்கிழமை கடைசியாக நூற்று நாற்பத்து மூன்றாம் பக்கத்துக்கு வந்தோம். யாரும் நடித்துக் காட்டவில்லை. செல்லதுரை சொல்லச் சொல்ல எழுதினேன். சாரம், அடுக்கு, கொக்கி, பலகை. நான்கே சொற்கள். விழுவதைப் பற்றி மூலத்தில் ஒரே வாக்கியம்தான். நான் அதை முன்பு மூன்று வாக்கியமாக, அலங்காரமாக நீட்டியிருந்தேன். ஒன்றாகச் சுருக்கினேன். கருப்பையா எழுந்து வெளியே போய் நின்றுகொண்டார்.

முன்னுரையில் நன்றி சொல்ல உங்கள் பெயர்களைப் போடட்டுமா என்று கேட்டேன். இருவரும் வேண்டாம் என்றார்கள். செல்லதுரை மட்டும் தயங்கித் தயங்கி, "பாண்டி பேரப் போடலாமா அக்கா?" என்றார். மேடம் என்பது எப்போது அக்காவானது என்று எனக்குத் தெரியவில்லை. "ஆனா அவன் சம்சாரத்தக் கேட்டுக்கிறணும். கேட்டுட்டுச் சொல்றேன்."

சனி, மதியம் 1.20. ஷார்ஜா விமான நிலையம்

மாலதி வாசல்வரை வந்தாள். "அக்கா, நாங்க நேத்து அந்தக் கடைக்குப் போய்ப் புரோட்டா வாங்கினோம்" என்றாள். "உன் பேரச் சொன்னதும் ரெண்டு சேத்துக் கட்டிட்டாரு." பதினோரு வருடத்தில் அந்த மணல்வெளியை அவள் கடந்தது அதுதான் முதல் தடவை.

திருச்சி வரிசையில் இப்போது ஊருக்குப் போகிறவர்கள். பேச்சும் சிரிப்புமாக இருந்தார்கள். புதுக்கோட்டையில் எங்கள் தெருவிலேயே வளைகுடாவில் வேலை பார்க்கிறவர்களின் வீடு நான்கு இருக்கிறது. கிரானைட் படி, நீலக் கண்ணாடி, பெரிய கேட். அந்த வீடுகளைப் பற்றி எனக்கு எல்லாம் தெரியும், அவர்கள் என்ன வேலை செய்கிறார்கள் என்பதைத் தவிர. "வெளிநாட்டுல இருக்கார்" என்றால் அதோடு கேள்வி முடிந்துவிடும். இங்கிலாந்துப் பட்டறையில் ரிவெட் குழுவில் எத்தனை பேர், யார் சூடாக்குவார், யார் பிடிப்பார் என்று கரும்பலகையில் படம் போட்டு விளக்குவேன். அந்தப் பட்டறைகள் மூடிப் பல காலமாகிவிட்டது, இதெல்லாம் ஒரு முடிந்த காலத்தின் இலக்கியம் என்று சொல்லித்தான் பாடத்தை முடிப்பேன். என் மாணவர்களில் எத்தனை பேருடைய அப்பா அந்த நேரத்தில் ஏதோ ஒரு கப்பலின் கீழ் நின்றுகொண்டிருந்தார் என்று நான் ஒருநாளும் கேட்டதில்லை.

விமானத்துக்கு அழைப்பு வந்தபோது செல்லதுரையிடமிருந்து ஒரு குரல்செய்தி வந்தது. பின்னணியில் அதே இயந்திரச் சத்தம். வரிசையில் நின்றபடி காதில் வைத்துக் கேட்டேன்.

"அக்கா, பாண்டி சம்சாரத்துக்கிட்டப் பேசிட்டேன். எந்தப் பக்கத்துல போடுவாகன்னு கேட்டுச்சு. முதல் பக்கத்துலன்னு சொன்னேன். சரி போடச் சொல்லுங்கண்ணே, ஆனா விழுந்து செத்தாருன்னு போட வேண்டாம், அத நாங்க எத்தன தடவ எழுதிக் குடுத்துட்டோம், எல்லாத் தாள்லயும் அதான் இருக்குன்னு சொல்லுச்சு. அவரு என்ன வேல பாத்தாரோ அதப் போடச் சொல்லுங்கன்னுச்சு. அம்புட்டுத்தான் அக்கா. பாத்துப் போய்ட்டு வாங்க."

ஜூன் முதல் வாரம் இரண்டாம் பதிப்பு வந்தது. என் தவறுகளைப் பற்றி நான்கு பக்க முன்னுரை இருக்கிறது. அதற்கு முன்னால் ஒரு தாள் ஏறக்குறைய வெறுமையாக இருக்கிறது. நடுவில் இரண்டு வரி மட்டும்:

பாண்டி
கப்பலுக்குச் சாரம் கட்டியவர்